புளியங்கொட்டையும் செல்சுவரும்

புளியங்கொட்டையில் மாவுச்சத்து கிடையாது. ஆனாலும் அதன் வெள்ளைப் பருப்பைச் சீவி ஒரு சொட்டு அயோடின் விட்டால் நீலம் ஏறுகிறது. சோற்றுப் பருக்கையிலும் உருளைக்கிழங்கிலும் அயோடின் நீலமாவது மாவுச்சத்தால்தான் என்பது பள்ளிக்கூடத்துப் பாடம். மாவுச்சத்தே இல்லாத கொட்டையில் அந்த நிறம் எப்படி வரும்?

சீவலை மிக மெல்லியதாக எடுத்து நுண்ணோக்கியில் வைத்தால் பாதி விடை கிடைத்துவிடும். உருளைக்கிழங்குச் செல்லுக்குள் சின்னச் சின்ன மணிகள் கிடக்கும். நீலம் ஏறுவது அவற்றில். புளியங்கொட்டைச் செல்லுக்குள் அப்படி மணிகள் இல்லை. அங்கே இருப்பது புரதமும் கொஞ்சம் எண்ணெயும். நீலம் பிடித்திருப்பது செல்லைச் சுற்றியுள்ள சுவரில். அந்தச் சுவரும் வழக்கமான மெல்லிய சுவரல்ல. தடித்து உப்பி, செல்லின் உள்ளிடத்தையே குறுக்கிவிடும் சுவர். கொட்டை தன் சேமிப்பைச் செல்லுக்குள் வைக்காமல் சுவரிலேயே பூசி வைத்திருக்கிறது.

அந்தச் சேமிப்புப் பொருளின் பெயர் சைலோகுளுக்கான். சர்க்கரை மூலக்கூறுகள் நூற்றுக்கணக்கிலும் ஆயிரக்கணக்கிலும் கோத்து உண்டாகும் பெரிய மூலக்கூறைப் பல்சர்க்கரை என்பார்கள். ஆய்வகப் பேச்சில் பாலிசாக்கரைடு. மாவுச்சத்து ஒரு பல்சர்க்கரை, பருத்திப் பஞ்சின் செல்லுலோஸ் இன்னொன்று, சைலோகுளுக்கான் வேறொன்று. இது புளிக்கு மட்டும் உரியதல்ல. பாறைமேல் படரும் மாஸ் செடி முதல் ஆலமரம் வரை, நிலத்தில் வாழும் தாவரங்கள் அனைத்தின் வளரும் செல்சுவரிலும் இது உண்டு. ஆனால் இலையிலும் தண்டிலும் இது பிற பொருள்களோடு பின்னிக் கிடப்பதால் பிரித்தெடுப்பது பெரும்பாடு. புளியங்கொட்டையிலோ மூட்டை மூட்டையாகக் கிடைக்கிறது. உலகெங்கும் செல்சுவர் ஆய்வகங்களில் சைலோகுளுக்கான் வேண்டுமென்றால் முதலில் கை போவது புளியங்கொட்டைத் தூளுக்குத்தான்.

ஸ்ரீபெரும்புதூர்–ஒரகடம் வட்டாரத்தை இன்று கார், லாரி, டயர், கைப்பேசி ஆலைகளின் பெயரால் அறிகிறார்கள். ஏரிப்பாசன நெல்லும் சாலையோரப் புளியமரமும் இந்த மண்ணின் பழைய அடையாளங்கள். சாலை அகலமாக அகலமாகப் புளியமரம்தான் முதலில் போகிறது. செல்சுவரைப் புரிந்துகொள்ள இந்த வட்டாரம் ஒரு வகையில் வசதியானது. சைலோகுளுக்கானைக் குவித்து வைத்திருக்கும் புளி இங்கே உண்டு. அதைப் பேருக்கு மட்டும் வைத்திருக்கும் நெல்லும் உண்டு. அழுத்தத்தைத் தாங்கும் சுவரை எப்படிக் கட்டுவது என்பதையே தொழிலாகச் செய்யும் டயர் ஆலைகளும் உண்டு.

கொட்டையின் நீலத்தை முதலில் கண்டவர்கள் ஜெர்மானியர். செல் கொள்கையை வகுத்தவர்களில் ஒருவரான மத்தியாஸ் ஷ்லைடன், 1838-39 வாக்கில் சில மரங்களின் விதைச்சுவர் அயோடினில் நீலமாவதைப் பார்த்து, மாவுச்சத்தை ஒத்த அப்பொருளுக்கு அமிலாய்டு என்று பெயரிட்டார். 1854-ல் மருத்துவர் ருடால்ஃப் ஃபிர்கோ அந்தப் பெயரை எடுத்து மனித உடலில் படியும் ஒரு பொருளுக்கு வைத்தார். அதுவும் அயோடினில் நிறம் மாறியது. பிறகு அது சர்க்கரையே அல்ல, புரதம் என்று தெரிந்தது. இன்று அல்சைமர் நோயைப் பற்றிய செய்திகளில் வரும் அமிலாய்டுக்கும் புளியங்கொட்டைக்கும் அந்தப் பழைய பெயரைத் தவிர வேறு உறவு எதுவும் இல்லை.

வேதியியல் பக்கத்தில் இந்தியர் பங்கு பெரிது. 1942-ல் டேராடூன் வன ஆராய்ச்சி நிறுவனத்தைச் சேர்ந்த டி.பி. கோஷும் எஸ். கிருஷ்ணாவும், தோல் நீக்கிய புளியங்கொட்டைப் பருப்பின் எடையில் 46 முதல் 48 விழுக்காடு வரை கூழாக உறையும் பொருள் இருப்பதாக அறிவித்தார்கள். பம்பாயில் ஜி.ஆர். சாவூர் அதைத் தூய்மையாகப் பிரிக்கும் முறைக்குக் காப்புரிமை பெற்றார். ஜாம், ஜெல்லிகளை உறைய வைக்கப் பழங்களிலிருந்து எடுக்கும் பெக்டினைப் போலவே இதுவும் வேலை செய்ததால் ‘புளியங்கொட்டைப் பெக்டின்’ என்ற பெயர் ஒட்டிக்கொண்டது. ஆனால் பெக்டினுக்கு முதுகெலும்பாக உள்ள காலக்டுரானிக் அமிலம் இதில் கொஞ்சமும் இல்லை. பழப் பெக்டின் உறைவதற்குச் சர்க்கரையோடு புளிப்பும் வேண்டும். இதற்குப் புளிப்பு தேவையில்லை, சர்க்கரை போதும். புளியின் கொட்டைக்குப் புளிப்பு வேண்டாம் என்பது வேடிக்கைதான்.

1950-களில் அதை அமிலத்தில் சிதைத்து, கிடைத்த சர்க்கரைகளைப் பிரித்துப் பார்த்தார்கள். மூன்றே மூன்று: குளுக்கோஸ், சைலோஸ், காலக்டோஸ். 1961-ல் நெதர்லாந்தின் கோய்மன் இவை எந்த முறையில் கோத்திருக்கின்றன என்பதை விளக்கினார். நடுவே குளுக்கோஸ் சங்கிலி. அதில் நான்கு குளுக்கோஸுக்கு மூன்று வீதம் பக்கவாட்டில் சைலோஸ் ஒட்டியிருக்கும். அந்தச் சைலோஸ்களில் சிலவற்றின் நுனியில் காலக்டோஸ். இலையிலும் தண்டிலும் உள்ள சைலோகுளுக்கானில் சில காலக்டோஸ்களின் மேல் ஃபியூகோஸ் என்ற நான்காவது சர்க்கரையும் உட்கார்ந்திருக்கும். கொட்டையில் அது இல்லை. கட்டுமானம் இரண்டிலும் ஒன்றே. சுவர் கட்டும் பொருளாகப் பிறந்ததைத்தான் புளி பின்னாளில் சேமிப்புக்கும் பயன்படுத்திக்கொண்டது என்று கருத இது இடம் தருகிறது.

நடுச்சங்கிலியில்தான் விஷயம் இருக்கிறது. அது செல்லுலோஸின் சங்கிலியேதான்; அதே குளுக்கோஸ், அதே பிணைப்பு. செல்லுலோஸில் கிளைகள் கிடையாது. ஆகவே அதன் சங்கிலிகள் ஒன்றோடொன்று படிந்து, இடையில் நீர் நுழைய வழியில்லாமல் இறுகி, சுமார் 3 நானோமீட்டர் பருமனுள்ள நுண்ணிழைகளாகின்றன. பருத்தி வேட்டியைக் கொதிநீரில் எத்தனை முறை போட்டாலும் கரையாதது இதனால். சைலோகுளுக்கானில் பக்கக் கிளைகள் குறுக்கே நிற்பதால் சங்கிலிகள் தமக்குள் அப்படி இறுக முடியாது. சுடுநீரில் கரைந்து கொழகொழப்பாகும். அதே சமயம் நடுச்சங்கிலி செல்லுலோஸைப் போலவே இருப்பதால், ஒரு செல்லுலோஸ் இழை கிடைத்தால் அதன்மேல் போய்ப் படிந்து ஒட்டிக்கொள்ளும். நீரில் கரையும், செல்லுலோஸில் ஒட்டும்: இந்த இரட்டைக் குணம்தான் சைலோகுளுக்கானின் வாழ்வும் தொழிலும்.

இதை அறிவியலுக்கு வெகு முன்பே கைத்தொழில்காரர்கள் பயன்படுத்தியிருக்கிறார்கள். தக்காணத்தில் கம்பளி நெய்பவர்கள் புளியங்கொட்டைக் கூழைப் பாவில் பூசுவார்கள். ஒடிசாவின் பட்டசித்திரம் வரைவதற்குத் துணியைப் புளியங்கொட்டைப் பசையும் சுண்ணத்தூளும் கலந்து பதப்படுத்துவார்கள். ஆந்திரத்தின் கொண்டப்பள்ளி பொம்மைகளில் கை, கால்களை உடலோடு பொருத்தும் பசை மரத்தூளும் புளியங்கொட்டைத் தூளும் சேர்ந்தது. பஞ்சாலைகளிலும் சணல் ஆலைகளிலும் நூல் அறுந்துவிடாமல் இருக்கப் பாவுக்குக் கஞ்சி போடுகிற சைசிங் வேலையில் இந்தத் தூள் பல காலமாகப் புழங்குகிறது. பருத்தியும் சணலும் மரத்தூளும் அடிப்படையில் செல்லுலோஸ். பசை அவற்றைப் பிடித்துக்கொள்வதும், செடிக்குள் சைலோகுளுக்கான் செல்லுலோஸைப் பிடித்துக்கொள்வதும் ஒரே வேதியியல்.

செடிக்குள் அந்தப் பிடிப்பு எதற்கு?

உயிருள்ள தாவரச் செல் எப்போதும் அழுத்தத்தில் இருக்கிறது. செல்சாற்றில் உப்புகளும் சர்க்கரையும் கரைந்திருப்பதால் வெளியிலிருந்து நீர் உள்ளே வந்துகொண்டே இருக்கும். சுவர் எதிர்த்துத் தள்ளும்வரை உள்ளழுத்தம் ஏறும். இதற்கு விறைப்பழுத்தம் என்று பெயர். வாடிய கீரைக்கட்டைத் தண்ணீரில் வைத்தால் நிமிர்வது இதனால்தான். அதன் அளவு பெரும்பாலும் வளிமண்டல அழுத்தத்தைப்போல 3 முதல் 10 மடங்கு. கார் டயருக்கு 30, 32 என்று காற்று வைப்பார்கள். கனரக லாரிக்கு 100-க்கு மேல். அதே கணக்கில் சொன்னால் இலைச் செல்லின் அழுத்தம் ஏறக்குறைய 45-லிருந்து 150 வரை. லாரி டயரின் அழுத்தத்தை, மில்லிமீட்டரில் ஆயிரத்தில் ஒரு பங்கைவிட மெல்லிய சுவர் தாங்குகிறது.

டயரோடு ஒப்பிடுவதில் இன்னும் பொருள் இருக்கிறது. ஒரகடத்தில் அப்பல்லோ, ஸ்ரீபெரும்புதூர்ப் பக்கம் ஜேகே, சியட் என்று இந்த வட்டாரத்தில் டயர் ஆலைகள் பல. எந்த ஆலையிலும் டயரை வெறும் ரப்பரால் செய்வதில்லை; வெறும் ரப்பர் காற்றடித்தால் பலூனாகிவிடும். நைலான், பாலியஸ்டர், எஃகு இழைகளை வரிசையாகப் பரப்பி அதன்மேல் ரப்பரை ஏற்றுவார்கள். இழுவிசையைத் தாங்குவது இழை. இழைகளை அதனதன் இடத்தில் நிறுத்துவது ரப்பர். ஆனால் இழையும் ரப்பரும் தாமாக ஒட்டுவதில்லை. நூலிழைகளை முதலில் ஒரு பிசினும் ரப்பர்ப்பாலும் கலந்த கரைசலில் முக்கி எடுப்பார்கள். எஃகுக் கம்பிக்குப் பித்தளைப் பூச்சு கொடுப்பார்கள். இந்தப் பூச்சு டயரின் எடையில் மிகச் சொற்பம். அது சரியில்லை என்றால் ஓடும்போது இழை வேறு, ரப்பர் வேறாகப் பிரிந்து டயர் வெடிக்கும்.

செல்சுவரில் செல்லுலோஸ் நுண்ணிழைதான் அந்த இழை. அதைச் சூழ்ந்த கூழ் பெரும்பாலும் பெக்டின். இரண்டுக்கும் நடுவே, செல்லுலோஸின் மேல் படிந்து கிடப்பது சைலோகுளுக்கான். புளி, அவரை, வேம்பு போன்ற இருவித்திலைத் தாவரங்களில் வளரும் செல்சுவரின் உலர் எடையில் ஏறக்குறைய ஐந்தில் ஒரு பங்கு இதுதான். உற்பத்தியாகும் இடமும் வேறு. செல்லுலோஸ் செல்லின் வெளிச்சவ்விலேயே நெய்யப்பட்டு நேராகச் சுவருக்குப் போகிறது. சைலோகுளுக்கான் உள்ளே கோல்கை உடலங்களில் தயாராகி, சிறு பைகளில் ஏற்றி வெளியே அனுப்பப்படுகிறது.

ஆனால் டயருக்கு இல்லாத ஒரு தலைவலி செல்லுக்கு உண்டு. டயரை வல்கனைஸ் செய்து, அளவை நிலைநிறுத்தி, அதன் பிறகே காற்றடிக்கிறார்கள். அதற்கப்புறம் அது வளர வேண்டியதில்லை. செல்லோ நுனியில் பிறக்கும்போது இருந்த அளவைப்போலப் பத்து மடங்கு, நூறு மடங்கு நீள வேண்டும். அதுவும் உள்ளே அழுத்தம் முழுதும் இருக்கும்போதே. சுவர் இளகாவிட்டால் வளர்ச்சி இல்லை. அளவுக்கு மீறி இளகினால் செல் வெடித்துவிடும். ஓடும் லாரியின் டயரை, காற்றை இறக்காமல், ஒட்டு ஒட்டாகப் பிரித்துப் பெரிதாக்கிக் கட்டுவது மாதிரியான வேலை இது. இதில் சைலோகுளுக்கானின் பங்கு என்ன என்பதைத் தெரிந்துகொள்ள அரை நூற்றாண்டு ஆகியிருக்கிறது. முதலில் சொன்ன விடை தவறாகவும் போயிற்று.

முதல் விடை 1973-ல் வந்தது. அமெரிக்காவின் கொலராடோவில் பீட்டர் ஆல்பர்ஷைம் குழுவினர், ஆய்வகத்தில் திரவத்தில் வளர்த்த சிக்கமோர் மரச் செல்களின் சுவரை நொதிகளால் படிப்படியாக அரித்து, எந்தப் பொருள் எதோடு கட்டுண்டிருக்கிறது என்று கணக்கிட்டார்கள். செல்சுவருக்கு மூலக்கூறு அளவில் வரைந்த முதல் படம் அதுதான். அந்தக் கட்டுரையின் முதல் ஆசிரியர் கென்னத் கீக்ஸ்ட்ரா. அதில் சைலோகுளுக்கான் செல்லுலோஸ்மேல் ஒட்டியிருந்தது. பின்வந்தவர்கள் அதை இன்னும் தெளிவாக்கி, ஒரு நுண்ணிழையிலிருந்து அடுத்த நுண்ணிழைக்குச் சைலோகுளுக்கான் கயிறாகக் கட்டப்பட்டிருக்கிறது, சுவரின் பலமே இந்தக் கயிறுகள்தான் என்று வரைந்தார்கள். கல்லூரிப் பாடநூல்களில் இன்றும் அந்தப் படம்தான் இருக்கிறது.

கயிறு என்றால் வளர்ச்சிக்காக அதை அறுக்கவோ நழுவவிடவோ ஏதாவது வேண்டுமல்லவா? 1992-ல் இரண்டு கண்டுபிடிப்புகள் வந்தன. எடின்பரோவில் ஸ்டீபன் ஃப்ரையும், ஜப்பானில் நிஷிதானி, தோமினாகா இருவரும் தனித்தனியே ஒரு நொதியைக் கண்டார்கள். அது சைலோகுளுக்கான் சங்கிலியை நடுவில் வெட்டும். வெட்டிய நுனியை விட்டுவிடாமல் பக்கத்துச் சங்கிலியின் முனையில் ஒட்டிவிடும். வெட்டி ஒட்டுவதால் சங்கிலிகளின் எண்ணிக்கை குறைவதில்லை, இடம் மட்டும் மாறுகிறது. எடின்பரோவில் கண்டுபிடித்த முறை எளிது: கதிரியக்க அடையாளமிட்ட சைலோகுளுக்கான் துண்டுகளை நீண்ட சங்கிலிகளோடு கலந்து, செடியின் சாற்றைச் சேர்த்தார்கள். சிறிது நேரத்தில் கதிரியக்கம் நீண்ட சங்கிலிகளுக்கு மாறியிருந்தது. துண்டு போய் ஒட்டியிருந்தால் மட்டுமே அப்படி நடக்கும்.

இரண்டாவது கண்டுபிடிப்பு வெள்ளரி நாற்றிலிருந்து. அமெரிக்காவின் பென்சில்வேனியா மாநிலப் பல்கலைக்கழகத்தில் சைமன் மெக்வீன்-மேசனும் டேனியல் காஸ்குரோவும் வெள்ளரித் தண்டைக் கொன்று, வெறும் சுவராக்கி, இரண்டு பக்கமும் கிடுக்கி பிடித்து எடை தொங்கவிட்டார்கள். இலேசான அமிலத்தில் நனைத்ததும் உயிரில்லாத அந்தச் சுவர் மெல்ல மெல்ல நீண்டது. கொதிக்க வைத்த சுவர் நீளவில்லை. கொதித்த சுவரின்மேல் வேறு தண்டிலிருந்து எடுத்த புரதச் சாற்றைச் சேர்த்ததும் மறுபடி நீண்டது. இளக்கும் புரதத்துக்கு எக்ஸ்பான்சின் என்று பெயரிட்டார்கள். அது எதையும் வெட்டுவதில்லை. ஒட்டியிருப்பதை நெகிழ்த்தி நழுவவிடுகிறது. ஆக்சின் என்ற வளர்ச்சி ஹார்மோன் வேலை செய்யும்போது செல் தன் சுவருக்குள் அமிலத்தைத் தள்ளுகிறது என்பது முன்பே தெரியும். அமிலத்தில் எக்ஸ்பான்சின் விழித்துக்கொள்கிறது, சுவர் நெகிழ்ந்து கொடுக்கிறது, உள்ளழுத்தம் செல்லை நீட்டுகிறது.

சைலோகுளுக்கானையே நேராகச் சுவருக்குள் புகுத்திப் பார்த்த சோதனையும் உண்டு. 2002-ல் ஜப்பானில் தகெதாவும் ஹயாஷியும் சக ஆய்வாளர்களும் பட்டாணித் தண்டுத் துண்டுகளை எடுத்தார்கள். நீண்ட சைலோகுளுக்கானை ஊட்டியபோது தண்டு நீள்வது தடைப்பட்டது. சைலோகுளுக்கானின் சிறு துண்டுகளை ஊட்டியபோது நீட்சி கூடியது. நீண்ட சங்கிலி பழைய வலையோடு சேர்ந்து அதை இறுக்குகிறது. சிறு துண்டு வெட்டுநுனியில் ஒட்டிக்கொண்டு சங்கிலியைக் குட்டையாக்கி வலையைத் தளர்த்துகிறது. கயிற்றுப் படத்துக்கு இதைவிட நல்ல சாட்சி கிடைக்குமா என்று தோன்றிய காலம் அது.

2008-ல் படம் கிழிந்தது. மிச்சிகன் மாநிலப் பல்கலைக்கழகத்தில் அராபிடாப்சிஸ் என்ற சிறு கடுகினச் செடியில், நடுச்சங்கிலியில் சைலோஸை ஒட்டும் இரண்டு மரபணுக்களைச் செயலிழக்கச் செய்தார்கள். செடியில் தேடிப் பார்த்த அளவில் சைலோகுளுக்கானே இல்லை. சுவரின் பலமே அந்தக் கயிறுகள்தான் என்றால் அச்செடி முளைக்கும்போதே உப்பி வெடித்திருக்க வேண்டும். அது முளைத்தது, இலை விட்டது, பூத்தது, விதையும் தந்தது. அளவில் சற்றுச் சிறியது. வேர்த்தூவிகள் குட்டையாகவும் உருக்குலைந்தும் இருந்தன. தண்டு இழுத்தால் கொஞ்சம் சுலபமாக நீண்டது. அவ்வளவுதான். அந்த ஆய்வின் மூத்த ஆசிரியர் கென்னத் கீக்ஸ்ட்ரா, 1973-ல் முதல் படத்தை வரைந்த அதே ஆள். தான் தொடங்கிவைத்த கருத்தைத் தன் ஆய்வகத்திலேயே அசைத்துக் காட்டுவது அறிவியலிலும் அடிக்கடி நடப்பதில்லை.

அப்படியானால் சைலோகுளுக்கான் வெறும் அலங்காரமா? 2012-ல் பார்க், காஸ்குரோவ் இருவரும் அதே கிடுக்கிச் சோதனையை வேறு விதமாகச் செய்தார்கள். சைலோகுளுக்கானை மட்டும் வெட்டும் நொதியைச் சுவரில் விட்டார்கள், சுவர் நீளவில்லை. செல்லுலோஸை மட்டும் வெட்டும் நொதி, அப்போதும் நீளவில்லை. இரண்டு நொதிகளையும் சேர்த்து விட்டார்கள், அப்போதும் இல்லை. ஒரே நொதி இரண்டையும் வெட்டும் வகையாக இருந்தபோது மட்டும் சுவர் இளகியது. சுவரை உண்மையில் தாங்கும் இடத்தில் சைலோகுளுக்கானும் செல்லுலோஸும் ஒன்றுக்குள் ஒன்று சிக்கி, தனி நொதிகள் எட்டமுடியாதபடி கிடக்கின்றன என்பது இதன் பொருள். அப்படிப்பட்ட இடங்கள் மிகச் சில. மொத்தச் சைலோகுளுக்கானில் மிகச் சிறிய பங்கே அங்கே இருக்கிறது. மீதியெல்லாம் இழைகளுக்கு நடுவே சுருண்டு கிடக்கிறது. சுமை அதன்மேல் விழுவதில்லை.

எனவே சைலோகுளுக்கானை நுண்ணிழைகளுக்கு இடையே நீட்டிக் கட்டிய கயிறாக நினைப்பது இனி பொருந்தாது. நுண்ணிழைகள் ஒன்றையொன்று நெருங்கித் தொடும் சில இடங்களில், இரண்டுக்கும் நடுவே அழுந்திய ஒட்டாக நினைப்பதே சரி. டயர் இழையின் பூச்சைப் போல, எடையில் சொற்பமான ஒன்று இருக்கும் இடத்தால் முக்கியமாகிறது. எக்ஸ்பான்சின் நெகிழ்த்துவதும் இந்த ஒட்டுகளைத்தான் என்று காஸ்குரோவ் கருதுகிறார். சைலோகுளுக்கானே இல்லாத செடியில் பெக்டினும் பிறவும் அந்த இடத்தை ஒப்பேற்றிக்கொள்கின்றன. ஆனால் எக்ஸ்பான்சினுக்கு அச்சுவர் முன்போல் இணங்குவதில்லை.

இதைவிட விசித்திரமான முடிவு ஒன்று உண்டு. அராபிடாப்சிஸில் மர்3 என்ற மரபணு கெட்டால் சைலோகுளுக்கான் உண்டாகும், ஆனால் அதன் கிளைகளில் காலக்டோஸ் குறையும். அந்தச் செடி குட்டையாகி முட்டைக்கோஸைப்போலச் சுருண்டுவிடும். சைலோகுளுக்கான் அறவே இல்லாத செடியோ ஏறத்தாழ இயல்பாக வளர்கிறது. இரண்டையும் கலந்து, மர்3 கெட்ட செடியிலிருந்து சைலோகுளுக்கானையே நீக்கியபோது குட்டைத்தனம் போய்விட்டது. 2015-ல் வெளியான இந்த ஆய்வு சொல்வது: இல்லாமலிருப்பதைவிடக் கெட்ட சைலோகுளுக்கான் இருப்பது ஆபத்து. காலக்டோஸ் கிளை போதாத சங்கிலிகள் நீரில் சரியாகக் கரையாமல் தமக்குள் ஒட்டிக்கொள்ளும் என்பதை நினைத்தால் இது புரியும்.

முதிர்ந்த மரத்திலும் இதற்கு வேலை உண்டு. சாலையோர மரம் காற்றிலோ மண் சரிந்தோ சாய்ந்தால், பல மரங்கள் மேல்பக்கத்தில் தனி வகை மரக்கட்டையை உண்டாக்கித் தண்டை இழுத்து நிமிர்த்துகின்றன. இழுவிசை மரக்கட்டை என்று இதைச் சொல்வார்கள். அதன் இழைச்சுவரின் உள்ளடுக்கில் கிட்டத்தட்ட முழுதும் செல்லுலோஸ். அந்த அடுக்கு சுருங்கி இழுக்க வேண்டுமானால் பக்கத்து அடுக்கோடு நன்றாக ஒட்டியிருக்க வேண்டும். ஜப்பானிய ஆய்வாளர்கள் பாப்லர் மரத்தில் சைலோகுளுக்கானை அரிக்கும் நொதியை உண்டாக்கும்படி செய்து, 2009-ல் முடிவை வெளியிட்டார்கள்: சாய்த்து வைத்த அந்த மரங்களால் மற்றவைபோல நிமிர முடியவில்லை.

நெல் வேறு வழியில் போயிருக்கிறது. நெல், கரும்பு, மூங்கில் உள்ளிட்ட புல்லினங்களின் வளரும் சுவரில் சைலோகுளுக்கான் சில விழுக்காடுதான், பெக்டினும் குறைவு. அரபினோசைலான் என்ற வேறொரு பல்சர்க்கரை அங்கே முதன்மை பெறுகிறது. கூடவே, வளரும் நாள்களில் மட்டும் தோன்றிப் பின்பு கரைந்துபோகும் ஒரு குளுக்கான் வகையும் உண்டு. 1993-ல் கார்ப்பிடாவும் கிபோவும் இருவித்திலைச் சுவரை முதல் வகை, புல்லினச் சுவரை இரண்டாம் வகை என்று பிரித்தார்கள். ஏரிக்கீழ் நெற்பயிரும் ஏரிக்கரைப் புளியமரமும் ஒரே விறைப்பழுத்தத்தை இருவேறு சுவரால் தாங்குகின்றன. மாட்டுத்தீவனம், கரும்புச்சக்கை எரிபொருள் பற்றிய ஆராய்ச்சிக்கு இந்த வேறுபாடு முக்கியம். ஒரு வகைச் சுவரை உடைக்கும் நொதிக்கலவை மற்றதில் அப்படியே எடுபடாது.

மறுபடி கொட்டைக்கு வரலாம். புளியங்கொட்டை முளைக்கும்போது பருப்பின் இரண்டு பாதிகளும், அதாவது வித்திலைகள் இரண்டும், மண்ணுக்கு மேலே எழுந்து பச்சையாகின்றன. சில நாள்களில் இளந்தளிர் விரியும். வித்திலைகள் சுருங்கி உதிரும். சுவரில் பூசி வைத்த சைலோகுளுக்கான் அதற்குள் கரைந்து குளுக்கோஸ், சைலோஸ், காலக்டோஸாகப் பிரிந்து நாற்றுக்குப் போய்விடுகிறது. இந்தக் கரைப்பை மிக விரிவாக ஆராய்ந்தவர் ஸ்காட்லாந்தின் ஸ்டெர்லிங் பல்கலைக்கழகத்தின் கிராண்ட் ரீட். அவர் எடுத்துக்கொண்டது ஊட்டித் தோட்டங்களில் படரும் நாஸ்டர்ஷியம். அதன் விதையும் புளியங்கொட்டை மாதிரியே சைலோகுளுக்கானைச் சுவரில் சேமிக்கும். நான்கு நொதிகள் கூட்டாக வேலை செய்கின்றன. ஒன்று சங்கிலியை நடுவில் வெட்டும். மற்ற மூன்றும் நுனியிலிருந்து காலக்டோஸ், சைலோஸ், குளுக்கோஸ் என்று ஒவ்வொன்றாகக் கழற்றும். நடுவில் வெட்டும் நொதியைக் கூர்ந்து ஆராய்ந்தபோது, அது இலையிலும் தண்டிலும் வெட்டி ஒட்டும் அந்த நொதியின் உறவினரே என்று தெரிந்தது. வளரும் தண்டில் அது சுவரைத் திருத்துகிறது. முளைக்கும் விதையில் சுவரைக் கலைக்கிறது. முளைப்பு முடிந்த பின்னும் வித்திலைச் செல்கள் இடிந்து விழுவதில்லை. சேமிப்பு அடுக்கு மட்டும் போய், மெல்லிய அடிப்படைச் சுவர் மிஞ்சுகிறது.

மாவுச்சத்தாகவே சேமித்திருக்கலாமே என்று கேட்கலாம். நெல் அப்படித்தான் செய்கிறது. சைலோகுளுக்கான் சேமிப்பில் ஒரு கூடுதல் வசதி உண்டு. காய்ந்திருக்கும்போது அது சுவரைக் கல்லாக்குகிறது. வறுக்காத கொட்டையைக் கடித்துப் பார்த்தவர்களுக்கு அது தெரியும். நனைந்ததும் நீரை உறிஞ்சிப் பிடித்துக்கொள்கிறது. விட்டு விட்டு மழை பெய்யும் நிலத்தில் முளைக்கும் மரத்துக்கு இந்த இரண்டும் உதவும் என்று கருதுவதில் தவறில்லை.

நீரைப் பிடித்துக்கொள்ளும் இந்தக் குணமே இன்று மருந்துத் துறைக்குப் பயன்படுகிறது. கண்ணீரின் கொழகொழப்புக்குக் காரணமான மியூசினைப் போல நடந்துகொள்வதால், உலர்கண்ணுக்கான சொட்டு மருந்துகளில் புளியங்கொட்டைச் சைலோகுளுக்கான் சேர்கிறது. ஜப்பானில் சாஸ், ஐஸ்கிரீம் போன்றவற்றைக் கெட்டிப்படுத்தப் பல ஆண்டுகளாகப் பயன்படுத்துகிறார்கள். நொதியைக் கொண்டு அதன் காலக்டோஸில் மூன்றிலொரு பங்குக்கு மேல் கழித்துவிட்டால், குளிரில் நீர்போல ஓடும் கரைசல் உடல்சூட்டில் கூழாக உறைகிறது. மறுபடி குளிர்ந்தால் மறுபடி நீராகிறது. உடலுக்குள் செலுத்திய மருந்தை மெல்ல மெல்ல விடுவிக்க இந்தக் கூழைப் பயன்படுத்தும் ஆய்வுகள் நடக்கின்றன. மர்3 கெட்ட செடியைக் குட்டையாக்குவதும் இந்தக் கூழை உறைய வைப்பதும் ஒரே காலக்டோஸ் குறைவுதான். இவ்வளவுக்கும் மூலப்பொருள், பங்குனி, சித்திரையில் புளி தட்டும் களங்களில் கடைசியாக மிஞ்சும் கொட்டை. கடையில் நல்ல விலை போவது கொட்டை எடுத்த புளிக்கு. கொட்டை தனியாக மூட்டை கட்டி, தோல் நீக்கி அரைக்கும் ஆலைக்குப் போகிறது.